ராஜா சோபாவில் பூண்டு உரித்த நாள்

வீட்டு உள்வேலைத் தொழிலுக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களில் ஒரு பெண் போன வாரம் எனக்குப் போன் செய்து புலம்பினாள். "மேடம், தியாகதுருகத்துல ஒரு கஸ்டமர். போன்ல ஏதோ வெளிநாட்டு அரண்மனைப் படத்தக் காட்டி, எங்க வூட்டு ஹாலும் இப்படியே வேணும்ங்கறாங்க. தங்கக் கலர் சோபா, வளைஞ்ச கால், மேல பூ, கீழ பூ. பாத்தாலே தல சுத்துது. இன்னா சொல்லித் தப்பிக்கிறது?"

"தப்பிக்காத, செஞ்சி குடு" என்றேன். அவளுக்குக் கோபம் வந்துவிட்டது. படித்த பெண், ரசனை உள்ளவள். ஓய்வு பெற்றதும் இந்த அம்மாவுக்குப் புத்தி மழுங்கிவிட்டது என்று நினைத்திருப்பாள். போனில் அவளுக்குப் பொறுமையாகச் சொல்ல முடியாததை இப்போது உங்கள் எல்லோருக்குமாக எழுதுகிறேன்.

நான் டிப்ளமா எதுவும் படித்தவள் இல்லை. கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஒரு திரைத்துணிக் கடையில், வீடு வீடாகப் போய் ஜன்னல் அளக்கும் வேலையில் சேர்ந்தேன். ஜன்னல் அளக்க ஸ்டூல் மேல் ஏறி நிற்கிறவளை வீட்டுக்காரர்கள் ஐந்து நிமிஷத்தில் மறந்துவிடுவார்கள். அவர்கள் பாட்டுக்குச் சண்டை போடுவார்கள், சமாதானம் ஆவார்கள், யார் எங்கே உட்காருவது என்பதில் முறைத்துக்கொள்வார்கள். ஒரு வீட்டில் யாருக்கு எந்த நாற்காலி என்பதை அந்த ஸ்டூல் மேல் நின்றுதான் கற்றுக்கொண்டேன். பிறகு சொந்தமாகக் கடை வைத்து, முழு வீட்டுக்கும் உள்வேலை எடுத்துச் செய்யத் தொடங்கியதும், கற்றதில் பாதியை மறந்தேன். பெயர் வந்தால் அப்படித்தான். காது கொஞ்சம் அடைத்துக்கொள்ளும்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

ரொகோகோ என்றால் என்ன என்று நீங்கள் பாடத்திலேயே படித்திருப்பீர்கள். பிரான்சில் முந்நூறு வருஷத்துக்கு முன்னால் பிறந்த பாணி. நேர்கோடு என்றாலே ஆகாது. கால் வளையும், முதுகு வளையும், கைப்பிடி வளையும். சிப்பியும் இலையும் கொடியுமாகச் செதுக்கி, ஓரமெல்லாம் தங்கம் பூசி, நடுவில் பால்நிறத்திலோ வெளிர்நீலத்திலோ துணி. நம் ஊரில் இதற்கு வேறு பெயர் உண்டு. ராஜா சோபா. கல்யாண மண்டபத்தில் வரவேற்பு மேடையில், பொண்ணும் மாப்பிள்ளையும் உட்காரப் போடுவார்களே, அதுவேதான். அந்தப் பெயரில்தான் நான் வசமாக மாட்டிக்கொண்டேன். எங்கள் தச்சர் செல்வராசுவுக்கு இரண்டு பெயரும் பிடிக்கவில்லை. அவர் வாயில் ரொகோகோ கடைசி வரை நுழையவே இல்லை. "கொக்கரக்கோ மாடல்" என்றுதான் சொல்வார்.

ஒருநாள் கடைக்கு மேரி வந்தார். கச்சிராயபாளையத்துக்காரர். வளைகுடா நாட்டில் ஒரு பெரிய வீட்டில் பதினெட்டு வருஷம் வீட்டு வேலை செய்துவிட்டுத் திரும்பி, ஊரில் புதுவீடு கட்டிக்கொண்டிருந்தார். அவர் போனைக் காட்டவில்லை. கைப்பையிலிருந்து ஒரு பழைய போட்டோவை எடுத்து மேசைமேல் வைத்தார். தங்க நிறத்தில் ஒரு சோபா. படத்தின் ஓரத்தில் தூசித்துணியைப் பிடித்த ஒரு கை.

"அது என் கைதாங்க" என்றார்.

"எடுத்தது யாரு?"

"நானேதான். ஒரு கையில துணி, ஒரு கையில போனு. பதினெட்டு வருஷமும் அதத் தொடச்சிக்கினேதான் இருந்தேன். அந்தச் சிப்பி இருக்குது பாருங்க, அதுக்குள்ளல்லாம் பல்லு வெளக்கற பிரஷ்ஷ வுட்டுத் தொடைக்கணும். ஒரு நாளும் அதுல ஒக்காந்ததில்ல."

நான் சிரித்துக்கொண்டே, "அதான் இப்ப உங்க வூட்லயே போட்டு ஒக்காரணும்னு ஆசையா?" என்றேன்.

"எனக்கு இல்லீங்க. எங்கக்காவுக்கு."

மேரியின் அக்கா அந்தோணியம்மா. மேரி விமானம் ஏறியபோது மேரியின் மகளுக்கு மூன்று வயது. புருஷனும் இல்லை. அந்தக் குழந்தையை வளர்த்துப் பள்ளிக்கு அனுப்பிக் கல்லூரியும் முடிக்க வைத்தவர் அந்தோணியம்மாதான். கரும்பு வெட்டப் போய்க்கொண்டே வளர்த்தார். முழங்கால் இரண்டும் தேய்ந்துபோயின. ஆனால் மேரி நிரந்தரமாகத் திரும்பி வந்த பிறகு அக்கா ஏனோ தள்ளித் தள்ளிப் போனார். கேட்டால், "நீ இப்ப பெரிய ஆளு" என்று ஒற்றை வரியில் முடித்துவிடுவாராம். அது மேரியை முள்ளாகக் குத்திக்கொண்டிருந்தது.

"வூடு மந்திரிக்கற அன்னிக்கி எங்கக்காவ மொதல்ல அதுல ஒக்கார வைக்கணும். அப்பறந்தான் நானு. அதுக்குத்தாங்க இவ்ளோவும்" என்றார் மேரி.

நோட்டில் எழுதிக்கொண்டேன். என்ன எழுதினேன் தெரியுமா? "அக்கா. முழங்கால் வலி. இருக்கை இரண்டு அங்குலம் உயரம். கைப்பிடி உறுதி." முழங்கால் வலிக்காரர் எழுந்திருக்கும்போது கைப்பிடியை ஊன்றித்தான் எழுவார், அது லொடலொடவென்று ஆடக் கூடாது. அந்த வீட்டில் நான் ஒழுங்காகச் செய்த ஒரே காரியம் அதுதான். மற்றபடி மேரி சொன்னதில் எனக்குப் புரிந்தது, "கிராண்டாக இருக்க வேண்டும்" என்பது மட்டும்.

அமர்க்களம் பண்ணிவிட்டேன். ஹாலின் பெரிய சுவரை ஒட்டி ஒரு படி உயரத்துக்குப் பலகையில் மேடை. மேடை மேல் நட்டநடுவில் இரண்டு பேர் உட்காரும் சோபா. அதற்குப் பின்னால் சுவர் முழுக்கச் செதுக்குவேலைப் பலகை, மேலே தொங்குவிளக்கு. இருபுறமும் காவலுக்கு நிற்பதுபோல் இரண்டிரண்டு நாற்காலி. மேற்குப் பக்கம் கல்வராயன் மலையைப் பார்த்தபடி ஒரு பெரிய ஜன்னல் இருந்தது. அதைக் கனமான திரை போட்டு மூடினேன், வெளிச்சம் வந்தால் தங்கப் பூச்சு எடுபடாது என்று. போதாததற்கு வாசலிலிருந்து மேடை வரை சிவப்புக் கம்பளம்! இப்போது நினைத்தால் எனக்கே சிரிப்பு வருகிறது. அன்றைக்கு அதைப் படம் எடுத்து வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் வைத்தேன்.

என்னை யாரும் எச்சரிக்கவில்லை என்று சொல்ல முடியாது. இரண்டு பேர் சொன்னார்கள். புதுச்சேரியில் எனக்கு இந்த வகை நாற்காலிகளைச் செய்து தந்த ஒருவர் இருந்தார், அந்தப் பாணியைக் கரைத்துக் குடித்தவர். வண்டியில் ஏற்றும்போதே, "இது செவுத்துல ஒட்டி வெக்கிற சாமான் இல்ல மேடம். அந்தக் காலத்துலயே பேச்சு எங்க நடக்குதோ அங்க இழுத்துப் போட்டுக்கறதுக்குன்னு செஞ்சது. அதான் கனம் கம்மி" என்றார். சரி சரி என்று தலையாட்டிவிட்டு, கயிறு இறுக்கிக் கட்டியிருக்கிறதா என்று பார்க்கப் போய்விட்டேன். இரண்டாவது ஆள் செல்வராசு. கடைசித் திருகாணியை முடுக்கிவிட்டுக் கீழே இறங்கி, ஹாலை ஒரு தரம் சுற்றிப் பார்த்தார்.

"மேடம், எல்லாம் ஜோரா இருக்குது. நல்வரவு போர்டு ஒண்ணுதான் கொறைச்சல்" என்றார்.

எனக்கு வந்ததே கோபம். "உனக்கு இன்னாய்யா தெரியும்?" என்று கத்திவிட்டேன். அவர் சுத்தியலைப் பைக்குள் போட்டுக்கொண்டார்.

வீடு மந்திரிப்பு காலையில். ஃபாதர் வந்து ஜெபம் சொல்லி, அறை அறையாகத் தீர்த்தம் தெளித்துவிட்டு, வேறொரு ஊருக்குப் போக வேண்டும் என்று உடனே கிளம்பிவிட்டார். காலையில் இட்லி, சாயங்காலம் பிரியாணி விருந்து என்று ஏற்பாடு. வீட்டுக்குப் பின்னால் சமையல் பந்தல். சொந்தபந்தம், அந்தக் காலத்தில் அந்தோணியம்மாவோடு கரும்பு வெட்டியவர்கள், பள்ளிக்கூட டீச்சர்கள் என்று நல்ல கூட்டம். எனக்கும் செல்வராசுவுக்கும் அழைப்பு உண்டு. பட்டுப்புடவை கட்டிக்கொண்டு, வருகிறவர்கள் வாய் பிளக்கப் போவதைப் பார்க்கலாம் என்று ஹாலின் ஓரமாக நின்றேன்.

வாய் பிளந்தார்கள். ஆனால் உட்காரவில்லை.

வாசலில் செருப்பைக் கழற்றியவர்கள் சிவப்புக் கம்பளத்தைப் பார்த்தார்கள், மேடையைப் பார்த்தார்கள். தானாக ஒருவர் பின் ஒருவராக வரிசையில் நின்றுவிட்டார்கள். சத்தியமாக வரிசை! கையில் பரிசுப் பெட்டி. பாதிக்கு மேல் சுவர்க் கடிகாரம். போட்டோ பிடிக்க வந்தவரும் பழக்கதோஷத்தில், "அடுத்தது வாங்க, இப்படி நில்லுங்க, கொஞ்சம் சிரிங்க" என்று ஆரம்பித்துவிட்டார். மேடைமேல் சோபா காலியாக இருக்கிறது. அதற்கு இரண்டு பக்கமும் ஆட்கள் நின்று, நடுவில் யாரோ உட்கார்ந்திருப்பதாக நினைத்துக்கொண்டு படம் எடுத்துக்கொண்டு இறங்குகிறார்கள். அடுத்த குடும்பம் ஏறுகிறது.

மேரி கெஞ்சினார். "சித்தப்பா, ஒக்காருங்க. டீச்சர், நீங்களாவது ஒக்காருங்க."

"இருக்கட்டும்மா, பொண்ணு மாப்பிள்ள ஒக்கார்ற எடத்துல நாங்க ஏன்?" என்று சித்தப்பா பின்வாங்கினார். டீச்சர், "உங்க பொண்ணுக்கு எப்ப கல்யாணம்? அதுக்குத்தான் இப்பவே வாங்கிப் போட்டீங்களா?" என்று கேட்டார். ஒரு நாற்காலியிலாவது ஒருவராவது உட்கார வேண்டுமே. ம்ஹூம். வாசலில் வாடகைக்கு எடுத்துப் போட்ட பிளாஸ்டிக் நாற்காலிகளில் இடம் போதாமல் ஆட்கள் மரத்தடியில் நின்றுகொண்டிருந்தார்கள். உள்ளே என் ஐந்து சாமான்களும் அப்படியே கிடந்தன. செல்வராசு என்னைப் பார்த்தார். நான் தொங்குவிளக்கைப் பார்த்தேன்.

அந்தோணியம்மா ஹாலுக்குள்ளேயே வரவில்லை. ஜெபத்தின்போது வாசற்படியில் நின்று சிலுவை போட்டுக்கொண்டதோடு சரி, நேரே பின்னால் சமையல் பந்தலுக்குப் போய்விட்டார். வரிசை ஒருவழியாகக் கலைந்ததும் மேரி பந்தலுக்குப் போய் அக்காவின் கையைப் பிடித்து இழுத்தார். நான் பின்வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

"யக்கா, வாக்கா. ஒனக்குன்னுதான் செஞ்சிருக்குது. வந்து ஒரு நிமிஷம் ஒக்காரு."

"வுடுடி கைய. இந்த வயசுல என்ன மேடையில ஏத்தி இன்னா பண்ணப் போற? மால போடப் போறியா? ஊரே சிரிக்கும்."

"ஒனக்காவத்தாங்க்கா..."

"எனக்கு அந்த மாதிரி சோபால்லாம் ஆவாது. அது மொதலாளி ஒக்கார்றது. நீ ஒக்காரு. நானு பிரியாணிக்கு வேண்டியதச் செஞ்சி குடுத்துட்டு எங்க வூட்டுக்குப் போறேன்."

மேரி திரும்பி வந்து படுக்கையறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். நான் தட்டிவிட்டு உள்ளே போனேன். கட்டிலில் உட்கார்ந்து முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டிருந்தார்.

"அங்க என்ன ஒக்கார வுடல. இங்க எங்கக்கா ஒக்கார மாட்டங்குது. நான் ஆசப்பட்டது தப்புங்களா மேடம்?"

எனக்கு வெட்கமாகிவிட்டது. தப்பு அவருடையது இல்லை. அவர் கேட்டது அக்காவுக்கு ஓர் இருக்கை. நான் கட்டிக் கொடுத்தது கல்யாண மேடை. நம் ஊரில் பிறந்து வளர்ந்து, மாதத்துக்கு மூன்று கல்யாண வரவேற்புக்குப் போய் வரிசையில் நிற்கிறவள் நான். அந்த சோபாவை அந்த இடத்தில் வைத்தால் ஜனங்கள் என்ன செய்வார்கள் என்று எனக்குத் தெரிந்திருக்க வேண்டாமா? பிரான்சிலிருந்து வந்த ஆளுக்கு நம் கல்யாண மேடையே தெரியாது, இந்தத் தப்பைச் செய்திருக்க மாட்டான். நம் ஊர்க்காரிதான் செய்வாள்.

இங்கே நிறுத்தி ஒன்று சொல்கிறேன். இப்படி ஒரு நேரத்தில் நம் தொழிலில் எல்லோருக்கும் வாயில் வருகிற ஒரு பேச்சு உண்டு. "போகப் போகப் பழகிடும்மா." எனக்கும் நாக்கின் நுனி வரை வந்தது. ஆனால் அந்தோணியம்மா சாயங்காலம் எழுந்து போய்விட்டால், மறுபடி அந்த வீட்டுப் படியை எப்போது மிதிப்பார் என்று யாருக்குத் தெரியும்? சோபா காத்திருக்கும், அக்கா தங்கை மனஸ்தாபம் காத்திருக்காது. புதுச்சேரிக்காரர் சொன்னதும் அப்போதுதான் காதில் விழுந்தது. பேச்சு நடக்கும் இடத்துக்கு இழுத்துப் போட்டுக்கொள்கிற சாமான். இந்த வீட்டில் பேச்சு எங்கே நடக்கிறது? பின்னால் பந்தலில், பூண்டு மூட்டையைச் சுற்றி.

"முகத்தக் கழுவிக்கினு வாங்க" என்று மேரியிடம் சொல்லிவிட்டு வெளியே வந்தேன். புடவையை இழுத்துச் செருகிக்கொண்டேன்.

"செல்வராசு, கம்பளத்தச் சுருட்டு."

"மேடம்?"

"சுருட்டுய்யா. சோபாவ மேடையிலேர்ந்து எறக்கு."

அவர் காலையிலிருந்து இதற்காகவே காத்திருந்தவர் போல் வேட்டியை மடித்துக் கட்டினார். மேடையும் பின்பலகையும் சுவரோடு முடுக்கியவை, உடனே கழற்ற முடியாது. அதனால் வந்த சுவர்க் கடிகாரங்களையும் பரிசுப் பெட்டிகளையும் அள்ளி மேடை மேல் வரிசையாக அடுக்கினோம். வரவேற்பு வேண்டுமென்றால் கடிகாரங்கள் வாங்கிக்கொள்ளட்டும். சோபாவைத் தூக்கிக்கொண்டு போய், மலைப் பக்கத்து ஜன்னலோரம், வாசலுக்கு முக்கால்வாசி முதுகு காட்டித் திருப்பிப் போட்டோம். நான்கு நாற்காலிகளையும் கோணல்மாணலாகச் சுற்றிப் போட்டோம். எல்லாம் நேராக இருந்தால் மறுபடி வரிசை கட்டிவிடுவார்களோ என்று பயம். கடைசியாக ஜன்னல் திரையைக் கழற்றினேன். மலைமேல் மேகம் கறுத்து இறங்கிக்கொண்டிருந்தது.

அரை மணி நேரத்தில் பிடித்துக்கொண்டது மழை. பந்தல் ஒழுக ஆரம்பித்தது. அடுப்புப் பக்கம் தகரம் இருந்தது, பூண்டும் இஞ்சியும் இருந்த பக்கம் வெறும் சாமியானா. நான் பின்வாசலுக்கு ஓடி, "பூண்ட உள்ள எடுத்துக்கினு வாங்க! ஹாலுக்கு!" என்று கத்தினேன். பெண்கள் முறமும் சாக்குமாக ஓடிவந்தார்கள். கடைசியாக, முழங்காலைப் பிடித்துக்கொண்டு, அந்தோணியம்மா. பூண்டு அவர் பொறுப்பு. அது எங்கே போனாலும் அவர் கூடவே போவார்.

ஆனால் பாருங்கள், உள்ளே வந்தவர்கள் நாற்காலிகளைக் கண்டு ஒரு கணம் தயங்கிவிட்டு, சாக்கைத் தரையில் விரித்துச் சம்மணம் போடத் தயாரானார்கள். நம் பெண்களுக்குத் தரை இருக்கும்போது நாற்காலி எதற்கு? அந்தோணியம்மாவும் ஒரு கையைத் தரைக்கு நீட்டி, மெல்ல மெல்லக் குனிந்துகொண்டிருந்தார்.

கதவோரம் ஒரு குடத்தில் குடிக்கத் தண்ணீர் வைத்திருந்தார்கள். அது உருண்டது. ஹால் முழுக்க வெள்ளம்.

இத்தனை வருஷமாக அதைக் கால் தடுக்கி உருட்டிவிட்டதாகத்தான் எல்லோரிடமும் சொல்லியிருக்கிறேன். இன்றைக்குத்தான் உண்மையைச் சொல்கிறேன். நான் அந்தக் குடத்தை உதைத்தேன். பட்டுப்புடவையோடு, குறி பார்த்து உதைத்தேன். புது டைல்ஸ் மேல் தண்ணீர் விட்டவளை எந்தப் பாடத்திலும் பாராட்ட மாட்டார்கள். ஆனால் அந்த நேரத்தில் வேறு வழி தோன்றவில்லை.

"ஐயையோ, பூண்டு நனையுது!" என்று பெண்கள் சாக்கை வாரி எடுத்தார்கள். "எங்க வெக்கிறது? எங்க ஒக்கார்றது?" யாரோ துடைப்பான் கேட்டார்கள். துடைப்பானைக் காணவில்லை. செல்வராசுவையும் காணவில்லை. பிறகு விசாரித்ததில், இரண்டும் ஒன்றாகத்தான் மாட்டுக் கொட்டகைக்குப் போயிருந்தன என்று தெரிந்தது.

"முறத்தக் கையில வெச்சிக்கினு நின்னுக்கினே இருக்க முடியுமா? இப்டி ஒக்காருங்க, தரை காயற வரைக்கும்" என்றேன்.

அந்தோணியம்மா சோபாவைப் பார்த்தார். தரையைப் பார்த்தார். முழங்கால் தன் கட்சியைச் சொல்லியிருக்க வேண்டும். "ரெண்டு நிமிஷம்" என்று பொதுவாக எல்லோருக்கும் அறிவித்துவிட்டு, கைப்பிடியைப் பிடித்து மெல்ல உட்கார்ந்தார். முறத்தை மடியில் வைத்துக்கொண்டு ஒரு பூண்டை எடுத்து உடைத்தார். அவர் உட்கார்ந்ததும் மற்றவர்களுக்கும் கூச்சம் போய்விட்டது. நான்கு நாற்காலியும் நிறைந்தன. உட்கார இடம் கிடைக்காத ஒருத்தி மேடையில் கடிகாரங்களை ஓரம் தள்ளிவிட்டு உட்கார்ந்தாள். ஐந்தே நிமிஷத்தில் ஹாலில் ஒரே சத்தம். யார் மருமகள் எந்த ஊர், கோமுகி அணையில் தண்ணீர் எவ்வளவு ஏறியது, யார் வீட்டு மாடு யார் கொல்லையில் மேய்ந்தது. பால்நிற வெல்வெட் மேல் பூண்டுத் தோல் பறந்துகொண்டிருந்தது. என் வேலை இவ்வளவு அழகாக இருந்து நான் அதுவரை பார்த்ததில்லை.

மேரி முகம் கழுவிக்கொண்டு வந்து ஹால் வாசலில் அப்படியே நின்றுவிட்டார். அக்காவை அங்கே உட்காரவைத்துப் பார்க்க எத்தனை வருஷம் நினைத்திருப்பார்! வாயைத் திறந்தால் காரியம் கெட்டுவிடுமோ என்று நான் பின்னாலிருந்து அவர் முழங்கையைக் கிள்ளினேன்.

அந்தோணியம்மா நிமிர்ந்து பார்த்தார். தான் எங்கே உட்கார்ந்திருக்கிறோம் என்பது அப்போதுதான் அவருக்கும் உறைத்தது. ஒரு கணம் கை நின்றது. எழுந்துவிடுவாரோ என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

"இன்னாடி நின்னுக்கினு பாக்குற?" என்றார். சற்று நகர்ந்து பக்கத்தில் இடம் விட்டார். "வந்து ஒக்காரு. இது இன்னும் ரெண்டு படி இருக்குது."

மேரி ஈரத்தரையில் வழுக்கிக்கொண்டே ஓடிப்போய் அக்கா பக்கத்தில் உட்கார்ந்தார். பதினெட்டு வருஷம் துடைக்க மட்டுமே செய்த அந்த மாதிரி சோபாவில் முதல் தடவையாக உட்காருகிறவர், அதைத் தடவிப் பார்க்கக்கூட இல்லை. குனிந்து பூண்டு உரிக்க ஆரம்பித்தார். அவர் கன்னத்தில் கண்ணீர் வழிந்ததைப் பார்த்து ஒருத்தி, "பூண்டுக்குப் போயி யாராவது அழுவாங்களா? வெங்காயத்துக்குத்தான அழுவாங்க" என்றாள். ஹாலே சிரித்தது. மேரியும் சிரித்தார். அந்தோணியம்மா ஒரு பூண்டுத் தோலைத் தங்கையின் தலையிலிருந்து எடுத்துப் போட்டார்.

மழைக்கு ஒதுங்கி உள்ளே வந்த போட்டோக்காரர் கண்ணில் இது பட்டுவிட்டது. ராஜா சோபாவில் இரண்டு பேர் ஜோடியாக உட்கார்ந்திருந்தால் அவர் கை சும்மா இருக்குமா? "ரெண்டு பேரும் இப்படிப் பாருங்க!" என்றார். அந்தோணியம்மா, "எடு, எடு. மாலதான் இல்ல, மொறம் இருக்குது" என்றார். அந்தப் படம்தான் இன்று அந்த ஹாலில் மாட்டியிருக்கிறது. அக்கா சிரிக்கிறார், தங்கை மூக்கை உறிஞ்சுகிறார், நடுவில் இரண்டு படி பூண்டு.

ரெண்டு நிமிஷம் என்றவர் பிரியாணி இறக்கும் வரை எழுந்திருக்கவில்லை.

அடுத்த வாரமே செல்வராசு போய் மேடையையும் பின்பலகையையும் கழற்றிக்கொண்டு வந்துவிட்டார். அவரிடம் நான் கத்தியதற்கு மன்னிப்புக் கேட்டேன். "அத வுடுங்க மேடம், குடத்த நல்லா ஒதச்சீங்க" என்றார் அந்தக் கள்ளன். ஆக, பார்த்திருக்கிறார்.

ஒரு வருஷம் கழித்து மேரி போன் செய்தார். ஒரு நாற்காலியின் கால் ஆடுகிறதாம். வளைந்த கால், தினம் அங்கும் இங்கும் இழுத்தால் ஆடத்தானே செய்யும்! என் தொழிலில் என்னைச் சந்தோஷப்படுத்திய ஒரே புகார் அதுதான். செல்வராசுவைக் கூட்டிக்கொண்டு போனேன். ஹாலில் இரண்டு நாற்காலி ஜன்னலோரம், ஒன்று சமையலறை வாசலில், ஆடுகிற நாற்காலி டிவிக்கு எதிரே. வெல்வெட்டில் அங்கங்கே குழம்புக் கறை. சமையலறைக்குள்ளிருந்து அந்தோணியம்மா, "கொக்கரக்கோகாரரு வந்துட்டாரா? டீ போடட்டுமா?" என்று குரல் கொடுத்தார். முழங்கால் வைத்தியத்துக்கு என்று ஒரு மாதம் தங்க வந்தவர் திரும்பிப் போகவே இல்லையாம்.

செல்வராசு காலைச் சரிசெய்து முடித்துவிட்டு சோபாவைச் சுற்றிப் பார்த்தார். வலதுபக்கக் கைப்பிடியின் முனையில், உள்ளங்கை அளவுக்குத் தங்கம் தேய்ந்து உள்மரம் தெரிந்தது. மற்ற இடமெல்லாம் பளபளவென்றிருக்க அது மட்டும் அசிங்கமாகத் தெரிகிறதே என்று, பையிலிருந்து தங்கப்பூச்சு டப்பாவையும் பிரஷ்ஷையும் எடுத்தார். நானும், "ஆமா, அதையும் பூசிடு" என்றேன்.

மேரி ஓடிவந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அத மட்டும் வுட்டுடுங்க. அது எங்கக்கா ஊனி ஊனி எழுந்துக்கற எடம்."